திரி: மிசாவா 2009-க்கு முன்பே ரிங்கை விட்டு இறங்கியிருக்க வேண்டுமா, இல்லையா?

#1 மூன்றாம் எண்ணிக்கை

மிசாவா 2009-இல் ஹிரோஷிமாவில் ஆட்டத்தின்போது அடிபட்டு இறந்த நாள், ஜூன் 13, நெருங்குகிறது. வழக்கம்போல எல்லோரும் முகப்புப் படத்தைப் பச்சையாக மாற்றிக்கொண்டு ‘ரிங்கிலேயே உயிரை விட்ட மாவீரன்’ என்று எழுதப்போகிறோம். போன வருடம் நானும்தான் எழுதினேன். இந்த வருடம் கை வரவில்லை.

ஜப்பான் மல்யுத்த வீரர் மிட்சுஹாரு மிசாவாவை எனக்குப் பிடிக்காது என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். 1990களில் அவரும் கவாடாவும் கோபாஷியும் தாவேவும் ஆடியதைப் போல ஒற்றை ரிங்கில் அதற்கு முன்பும் பின்பும் யாரும் ஆடவில்லை என்பதுதான் என் கட்சி. ஆனால் 2000-க்குப் பிறகு நடந்ததைக் கொஞ்சம் நிதானமாகப் பாருங்கள். நோவா என்ற மல்யுத்தக் கம்பெனியை அவர்தான் ஆரம்பித்தார். அவர்தான் தலைவர். 2006 டிசம்பர் 10-ஆம் தேதி, 44 வயதில், 27 வயது மாருஃபுஜியிடமிருந்து சாம்பியன் பெல்ட்டை மறுபடி வாங்கிக்கொண்டார். 2008 மார்ச் வரை ஒன்றேகால் வருடம் இடுப்பில் கட்டிக்கொண்டு ஆடினார். அப்போதே கழுத்து எந்த நிலையில் இருந்தது என்பது ரசிகர்களுக்கே தெரியும்.

கழுத்து பழுதான 46 வயது ஆளை ரிங்கில் இறக்கக்கூடாது என்று சொல்ல வேண்டியவர் முதலாளி. அந்த முதலாளி அவரேதான். இதைத் தியாகம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பிடிவாதம் என்றுதான் சொல்வேன். வாருங்கள், அடியுங்கள்.

#2 பச்சைக் கால்சட்டை

எண்ணிக்கை அண்ணே, காலையில் காபிகூடக் குடிக்காமல் இதைப் படித்துத் தொலைத்தேன்.

அவர் ‘பெல்ட்டை வாங்கிக்கொண்டார்’ என்று எழுதியிருக்கிறீர்களே, ஏதோ ஆசைப்பட்டுப் பறித்த மாதிரி. வேறு யாரிடம் கொடுப்பது? கோபாஷி 2003 மார்ச்சிலிருந்து 735 நாள் சாம்பியனாக இருந்து கம்பெனியைத் தூக்கி நிறுத்தினார். சரி, அவரை வீழ்த்திய ரிகியோவை மக்கள் ஏற்கவில்லை. 2006-இல் கோபாஷிக்குச் சிறுநீரகத்தில் புற்றுநோய். டிக்கெட் விற்கும் முகம் என்று மிச்சம் இருந்தவர் யார்? அந்த ஆளே முதலாளியாகவும் இருந்தார். சம்பளம் வாங்கும் குடும்பங்கள் அத்தனையும் அவர் தலையில். வீட்டில் உட்கார்ந்து ‘நான் ஓய்வெடுக்கிறேன்’ என்று சொல்ல முடியுமா?

இன்னொன்று. இந்த மனிதர் முகமூடிக்குள் ஆறு வருடம் இருந்தவர். அதை மறந்துவிட்டுப் பேசினால் அவரைப் புரிந்துகொள்ளவே முடியாது.

#3 அட்டைக்காலத்து ஆள்

மன்னிக்கவும் நண்பர்களே, நடுவில் புகுகிறேன். எனக்கு மல்யுத்தம் என்றால் அண்டர்டேக்கர், ராக், பள்ளிக்கூடத்தில் மேசைக்கு அடியில் ஆடிய ட்ரம்ப் கார்டு, அவ்வளவுதான். சிஎம் பங்க் ஆட்களைத் தோளில் தூக்கி முட்டியால் முகத்தில் அடிப்பாரே, அது ஜப்பான்காரரிடமிருந்து வந்தது என்று எங்கோ படித்து இந்தப் பக்கம் வந்தேன். இந்த மிசாவா யார்? முகமூடி எதற்கு? சாவு நிஜமா, கதையா?

#4 பச்சைக் கால்சட்டை

வாருங்கள் தம்பி. சாவு நிஜம். அந்த முட்டி அடி கென்டா என்ற வீரருடையது. கென்டா வளர்ந்த இடம் மிசாவாவின் நோவா. ஆக சரியான கதவைத்தான் தட்டியிருக்கிறீர்கள்.

1962 ஜூன் 18-ஆம் தேதி ஹொக்கைடோவில் யூபாரி என்ற ஊரில் பிறந்தவர். வளர்ந்தது டோக்கியோவுக்குப் பக்கத்தில் சைத்தாமா. உயர்நிலைப் பள்ளியில் அமெச்சூர் மல்யுத்தம். அதே பள்ளியில் ஒரு வருடம் இளையவராக ஒரு பையன் இருந்தான், தோஷியாகி கவாடா என்று பெயர். அந்தப் பெயரை நினைவில் வையுங்கள், கொஞ்ச நேரத்தில் ஒருவர் கட்சிக்கொடியோடு வருவார்.

1981-இல் ஜயண்ட் பாபாவின் ஆல் ஜப்பான் கம்பெனியில் அறிமுகம். 1984-இல் மெக்சிகோவுக்குப் பயிற்சிக்கு அனுப்பினார்கள். அங்கிருந்து திரும்பி வரச்சொல்லி, புலி முகமூடியைக் கையில் கொடுத்தார்கள். டைகர் மாஸ்க் என்பது கார்ட்டூன் பாத்திரம். போட்டிக் கம்பெனியில் சதோரு சயாமா என்பவர் அந்த முகமூடியோடு காற்றில் பறந்து ஊரையே பைத்தியமாக்கிவிட்டுப் போயிருந்தார். இவர் இரண்டாவது டைகர் மாஸ்க். அதாவது, அடுத்தவர் தைத்த சட்டை. முட்டியில் அறுவை சிகிச்சையாகி 1989-இல் பெரும்பகுதி வெளியே உட்கார்ந்திருந்தார்.

1990-இல் கம்பெனியின் இரண்டாவது பெரிய நட்சத்திரம் டென்ரியு விலகிப் போய்விட்டார். கம்பெனி படுத்துவிடும் என்று எல்லோரும் பேசினார்கள். மே 14, டோக்கியோவில் ஒரு டேக் டீம் ஆட்டம், அதாவது இருவருக்கு இருவர். நடு ஆட்டத்தில் இவர் தன் கூட்டாளி கவாடாவிடம் திரும்பி, முகமூடியின் கயிற்றை அவிழ்க்கச் சொன்னார். கவாடா பின்னால் நின்று கயிற்றை அவிழ்க்கிறார். இவர் உரித்துத் தூக்கி எறிகிறார். எதிராளிகள் ரிங்கில்தான் நிற்கிறார்கள், மணியும் அடிக்கவில்லை. முகத்தைக் காட்டிவிட்டு அப்படியே ஆட்டத்தைத் தொடர்ந்தார்.

அடுத்த மாதம், ஜூன் 8, புடோகான் அரங்கம். எதிரே ஜம்போ ட்சுருட்டா. மலை மாதிரி ஆள், கம்பெனியின் முதல் நாற்காலி. 24 நிமிடத்தில் மிசாவா ஜெயித்தார். அரங்கத்துக்குள் நுழைந்த கூட்டம் அவர் பெயரைக் கத்தியதைக் கேட்ட பிறகுதான் பாபா முடிவை மாற்றினார் என்று சொல்வார்கள். அன்று இவர் அழுத அழுகையை யூடியூபில் தேடிப் பாருங்கள்.

#5 கவாடா கட்சி

கொடியோடு வந்துவிட்டேன்.

தம்பி, இவர் சொன்னது எல்லாம் சரி. சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. அந்தக் கயிற்றை அவிழ்த்த கை யாருடையது? அதற்குப் பிறகு அந்தக் கைக்குச் சொந்தக்காரர் எத்தனை வருடம் இரண்டாவது ஆளாகவே நின்றார் என்று யாராவது கணக்கு வைத்திருக்கிறீர்களா? நான் வைத்திருக்கிறேன். 1994 ஜூன் 3-இல் புடோகானில் உயிரைக் கொடுத்து ஆடித் தோற்றார். 1995 ஜூன் 9-இல் டேக் ஆட்டத்தில்தான் முதன்முதலாக மிசாவாவின் தோளை மூன்று எண்ணிக்கைக்குத் தரையில் வைத்தார். ஒண்டிக்கு ஒண்டியாக ஜெயிக்க 1997 வரை காத்திருந்தார். அதுவும் அதே இரவில் மிசாவா ஏற்கெனவே கோபாஷியோடு முப்பது நிமிடம் ஆடிக் களைத்த பிறகு. பெல்ட்டோடு சேர்த்து ஜெயித்தது 1998 மே 1, டோக்கியோ டோமில். அன்று மிசாவாவுக்கு முட்டி சரியில்லை. முழுசாக ஒரு வெற்றி என்று ஒன்றுகூடக் கிடைக்கவில்லை பாருங்கள்.

இப்போது திரிக்கு வருகிறேன். எண்ணிக்கை சொன்ன பிடிவாதம் 2006-இல் தொடங்கவில்லை. 2000-இலேயே தொடங்கிவிட்டது. 1999 ஜனவரி 31-இல் பாபா இறந்தார். மிசாவா தலைவரானார். பாபாவின் மனைவி மோட்டோகோ அம்மாவுக்கும் இவருக்கும் ஒத்துப்போகவில்லை. 2000 மே கடைசியில் இவரைப் பதவியிலிருந்து எடுத்தார்கள். ஜூனில் மொத்தப் படையையும் கூட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். உள்நாட்டு வீரர்களில் மிஞ்சியவர்கள் இரண்டே பேர்: என் ஆள் கவாடாவும், மசனோபு ஃபுச்சியும். டிவி ஒளிபரப்பும் கையோடு நோவாவுக்குப் போய்விட்டது. அண்ணன் தம்பி சண்டையில் வீட்டை விட்டுப் போவார்கள், சரி. கூரையையும் சேர்த்துப் பிரித்துக்கொண்டா போவார்கள்?

#6 பச்சைக் கால்சட்டை

கட்சிக்காரரே, போனவர்களை யாரும் கட்டி இழுத்துக்கொண்டு போகவில்லை. கூப்பிட்ட மறுநிமிடம் இத்தனை பேர் பின்னால் வந்தார்கள் என்றால் அந்த வீட்டின் நிலைமை என்ன என்று யோசிக்க வேண்டாமா? ரெஃப்ரிகளும் வந்தார்கள், ரிங்கைக் கட்டும் ஆட்களும் வந்தார்கள். 2000 ஆகஸ்ட் 5, டிஃபர் அரியாக்கே என்ற சின்ன அரங்கில் முதல் காட்சி. ரிங்கின் தரைவிரிப்பே மரகதப் பச்சை. நான் இந்தப் பெயரை வைத்துக்கொண்டு பன்னிரண்டு வருடமாக இங்கே உட்கார்ந்திருப்பதற்கு அதுதான் காரணம்.

#7 கவாடா கட்சி

பின்னால் வருகிற கூட்டத்தை வைத்து நியாயத்தை அளக்க முடியாது. இருந்த இருவரும் கடையை மூடவில்லை. அதே வருடம் அக்டோபர் 9-இல் டோக்கியோ டோமில், எதிரிக் கம்பெனி நியூ ஜப்பானின் சாம்பியன் கென்சுகே சசாகியைக் கவாடா வீழ்த்தினார். இரண்டே பேரோடு நின்ற கம்பெனிக்கு அந்த ராத்திரி எப்படி இருந்திருக்கும்! மனிதர் அதற்காக ஒரு நாளும் மேடை போட்டுப் பேசியதில்லை.

#8 மூன்றாம் எண்ணிக்கை

இருவரும் 2000-இல் மாட்டிக்கொண்டீர்கள். விலகியது துரோகமா இல்லையா என்பது என் கேள்வியே அல்ல. விலகிய பிறகு என்ன ஆட்டம் ஆடினார் என்பதுதான்.

2003 மார்ச் 1, புடோகான். மிசாவா, கோபாஷி. ரிங்குக்கு வருகிற மேடைப்பாதை தரையிலிருந்து நல்ல உயரம். அந்தப் பாதையின் விளிம்பில் மிசாவா கோபாஷியின் இரண்டு கைகளையும் பின்னால் மடக்கிப் பூட்டி, டைகர் சூப்ளெக்ஸ் என்ற பெயரில் அப்படியே பின்பக்கமாகச் சாய்ந்து கீழே தரைக்குப் போனார். இருவரும் விழுந்தார்கள். கைகள் பூட்டப்பட்டவன் எப்படி விழுவான் என்று உங்கள் வீட்டுக் கட்டில் விளிம்பில் நின்று யோசித்துப் பாருங்கள், செய்து பார்க்க வேண்டாம். அதற்குப் பிறகும் ஆட்டம் தொடர்ந்தது. கோபாஷி எழுந்து வந்து, மிசாவாவைத் தோளில் தலைகீழாகப் போட்டு நேராகத் தலையில் இறக்கி ஜெயித்தார். அந்த வருடத்தின் சிறந்த ஆட்டம் என்று விருது வாங்கியது. நானும் எழுந்து நின்று கைதட்டியவன்தான், மறைக்கவில்லை.

மேடையிலிருந்து தரைக்குத் தள்ளியாயிற்று. அடுத்த வருடம் எங்கிருந்து தள்ளுவது? கூரையிலிருந்தா? ஒவ்வொரு பெரிய ஆட்டமும் போன ஆட்டத்தை மிஞ்ச வேண்டும் என்ற கணக்கை ஆரம்பித்து வைத்தவர் இவர்.

#9 தசையும் எலும்பும்

வழக்கமாக நான் படித்துவிட்டுப் போகிறவன். பிசியோதெரபி என் தொழில், அதனால் ஒன்று சொல்லத் தோன்றியது.

‘எல்லாம் நாடகம்’ என்று சொல்கிறவர்களுக்கு முதலில்: யார் ஜெயிப்பது என்பது முன்பே முடிவானது. தரை முடிவானது அல்ல. இரும்புச் சட்டத்தின் மேல் பலகை, அதன் மேல் மெல்லிய மெத்தை, அதன் மேல் துணி. அதில் விழுவதற்கு ஜப்பான்காரர்கள் ‘உகெமி’ என்று தனிப் பாடமே வைத்திருக்கிறார்கள். தாடையை மார்போடு ஒட்ட வேண்டும், முதுகின் மேல்பாகம் முழுதும் ஒரே நேரத்தில் தரையைத் தொட வேண்டும், கைகளால் பாரத்தைப் பரப்ப வேண்டும். இதில் மிசாவாவுக்கு மேதை என்று பெயர்.

எண்ணிக்கை சொன்ன சூப்ளெக்ஸ் ஆகட்டும், ‘டைகர் டிரைவர் 91’ ஆகட்டும், சிக்கல் எங்கே என்றால் இவை உகெமிக்கு இடமே கொடுப்பதில்லை. சாதாரண டைகர் டிரைவரில் எதிராளியின் இரண்டு அக்குளிலும் கையைக் கொடுத்துத் தூக்கிச் சுற்றி முதுகில் விழ வைப்பார். 91-இல் சுற்றுவது கிடையாது. கைகள் பூட்டியபடியே தலையும் கழுத்தும்தான் முதலில் தரைக்கு வரும். அதனால்தான் அதை வாழ்நாளில் மிகச் சில தடவைதான் போட்டார். கவாடாவுக்கு 1994 ஜூன் 3-இல் விழுந்தது அதுதான்.

கழுத்தில் ஏழு எலும்பு. மேலே இருக்கிற நாலைந்துக்குள் ஓடும் நரம்புத் தண்டு அறுந்தால் கைகால் மட்டும் போவதில்லை, மூச்சும் நின்றுவிடும். மிசாவாவின் சாவுக்கு ஹிரோஷிமா போலீஸ் அறிவித்த காரணம் கழுத்து நரம்புத் தண்டு துண்டிப்பு. நான் அவருடைய ஸ்கேனைப் பார்த்தவன் அல்ல. ஆனால் என்னிடம் வருகிற பாரம் தூக்கும் தொழிலாளிகளின் கழுத்தை இருபது வருடமாகப் பார்க்கிறேன். வலி குறைந்திருக்கிறது என்றால் சரியாகிவிட்டது என்று அர்த்தம் இல்லை. இதை எத்தனை தடவை சொன்னாலும் அடுத்த நாள் மூட்டை தூக்கப் போய்விடுவார்கள். கேட்டால், ‘போகாவிட்டால் வேறு யார் போவது சார்?’

#10 பச்சைக் கால்சட்டை

தசை சார், உங்கள் கடைசி வரிதான் என் கட்சி. ‘வேறு யார் போவது?’

#11 மூன்றாம் எண்ணிக்கை

என் கட்சியும் அதேதான். மூட்டைக்காரருக்கு முதலாளி வேறு ஒருவர். ‘ஒரு மாதம் வராதே’ என்று சொல்ல ஒரு வாய் இருக்கிறது. சொல்கிறாரா இல்லையா என்பது வேறு விஷயம். மிசாவாவுக்கு அந்த வாயே இல்லை. தான் வைத்துக்கொள்ளவில்லை.

#12 அட்டைக்காலத்து ஆள்

மூன்று நாளாகத் தூக்கம் இல்லை, உங்களால். 1990 ஜூன் 8 பார்த்தேன், 1994 ஜூன் 3 பார்த்தேன், 1995 ஜூன் 9 டேக் ஆட்டம் 42 நிமிடமும் ஒரே மூச்சில் பார்த்தேன்.

எனக்குத் தோன்றியதைச் சொல்கிறேன், தப்பாக இருந்தால் திருத்துங்கள். நான் வளர்ந்த மல்யுத்தத்தில் நாற்காலி, மேசை, ஏணி எல்லாம் வரும். மைக்கைப் பிடித்துப் பத்து நிமிடம் வசனம் பேசுவார்கள். இதில் ஒன்றும் இல்லை. முகத்தில் ஒரு சலனம்கூட இல்லாமல் இந்த மனிதர் முழங்கையால் அடிக்கிறார். அந்தச் சத்தத்துக்கு அரங்கம் ‘ஓ’ என்கிறது. அவ்வளவுதான் வசனம். 1995 ஆட்டத்தில் கோபாஷியின் காலில் கட்டு போட்டிருக்கிறது, அதையே கவாடாவும் தாவேவும் குறிவைத்து அடிக்கிறார்கள். ஒரு கட்டத்தில் மிசாவா விழுந்து கிடக்க, கோபாஷி அவர் மேல் கவிழ்ந்து படுத்துக்கொண்டு அடியைத் தான் வாங்குகிறார். எனக்குப் பேச்சே வரவில்லை. மனைவி வந்து ‘யாராவது செத்துவிட்டார்களா’ என்று கேட்டாள். என்ன சொல்வது என்று தெரியவில்லை, ‘ஆமாம், 2009-இல்’ என்றேன்.

இன்னொன்று கவனித்தேன். 1990-இல் ட்சுருட்டா இடுப்பைப் பின்னாலிருந்து கட்டிப் பின்பக்கமாகத் தூக்கி எறியப் போகிறார். பேக்டிராப் என்று போட்டிருந்தது. மிசாவா உடம்பைத் திருப்பி அவர் மேலேயே விழுகிறார். அந்தப் புரளலில்தான் மூன்று எண்ணி ஜெயிக்கிறார். 2009-இல் கடைசியாக வாங்கிய அடியும் பேக்டிராப்தான் என்று எங்கோ பார்த்தேன். சரியா?

#13 கவாடா கட்சி

சரிதான் தம்பி. பத்து வருடமாக இங்கே எழுதுகிறோம், நான் அதைச் சேர்த்துப் பார்த்ததே இல்லை.

#14 பச்சைக் கால்சட்டை

நானும்.

#15 நெறியாளர்

ஒருவர் ஹிரோஷிமா இரவின் காணொளித் துண்டை இங்கே போட்டிருந்தார். நீக்கிவிட்டேன். விவாதம் தொடரட்டும். அந்தப் படம் வேண்டாம்.

#16 மூன்றாம் எண்ணிக்கை

நெறியாளர் செய்தது சரி. தெரியாதவர்களுக்காக வார்த்தையில் மட்டும் சொல்கிறேன்.

2009 ஜூன் 13, ஹிரோஷிமா கிரீன் அரேனா. டேக் பெல்ட் ஆட்டம். மிசாவாவும் இளைஞர் கோ ஷியோசாகியும் ஒரு பக்கம், அகிடோஷி சைட்டோவும் பைசன் ஸ்மித்தும் எதிர்ப்பக்கம். சைட்டோ ஒரு பேக்டிராப் போட்டார். மேடைப்பாதையிலிருந்து அல்ல, தலையில் நேராக இறக்கவும் இல்லை. ஒவ்வொரு ஊரிலும் ஒவ்வொரு இரவும் மிசாவா வாங்கி எழுந்த அதே சாதாரண பேக்டிராப். இந்தத் தடவை எழவில்லை. ரெஃப்ரி நிஷினாகா குனிந்து அசைய முடிகிறதா என்று கேட்டதாகவும், ‘நிறுத்து’ என்று மிசாவா சொன்னதாகவும் செய்திகளில் வந்தது. ஆட்டத்தை நிறுத்தினார்கள். ரிங்கிலேயே இதயத்துக்கு மின் அதிர்ச்சி கொடுத்துப் பார்த்தார்கள். கூட்டம் ‘மிசாவா, மிசாவா’ என்று அழைத்துக்கொண்டே இருந்தது. இரவு 10:10-க்கு ஆஸ்பத்திரியில் உயிர் பிரிந்ததாக அறிவித்தார்கள். 47-ஆவது பிறந்தநாளுக்கு ஐந்து நாள் இருந்தது.

நான் ஏன் பிடிவாதம் என்கிறேன் என்றால், ‘நிறுத்து’ என்ற அந்த ஒரு சொல்லை ஐந்து வருடம் முன்னால் அவர் தன்னிடம் சொல்லியிருக்கலாம்.

#17 பச்சைக் கால்சட்டை

அண்ணே, இது அழகாக இருக்கிறது, நியாயமாக இல்லை.

அந்த வருடம் மார்ச்சில் என்ன நடந்தது? நிப்பான் டிவி நோவாவின் ஒளிபரப்பை நிறுத்தியது. பாபா காலத்தில் ஆல் ஜப்பானைக் காட்டி, பிறகு இவரை நம்பிக் கூடவே வந்த அதே டிவி. டிவி பணம் நின்றுபோனால் மல்யுத்தக் கம்பெனிக்கு மிச்சம் என்ன? ஊர் ஊராகப் போய் டிக்கெட் விற்பதுதான். ஹிரோஷிமாவில் சுவரொட்டி ஒட்டினால் அதில் யார் முகம் இருக்க வேண்டும் என்று மக்கள் எதிர்பார்ப்பார்கள்? மார்ச்சில் டிவி போயிற்று, ஜூனில் இவர் போனார். நடுவில் மூன்று மாதம். அந்த மூன்று மாதத்தில் ஓய்வை அறிவித்திருக்க வேண்டும் என்கிறீர்களா?

அவர் சாம்பியனாகவும் இல்லை அப்போது. பக்கத்தில் இளைஞனை நிறுத்தி டேக் ஆட்டம் ஆடிக்கொண்டிருந்தார். அதாவது படிப்படியாகத் தள்ளி நிற்க ஆரம்பித்திருந்தார். அதையும் கணக்கில் எடுங்கள்.

#18 கவாடா கட்சி

நான் கொடியைக் கொஞ்சம் இறக்கி வைத்துவிட்டுப் பேசுகிறேன்.

டிவி விஷயத்தில் பச்சை சொல்வது சரி. 2000-இல் ஆல் ஜப்பானிடமிருந்து போனபோது நான் திட்டிய அதே டிவி, ஒன்பது வருடம் கழித்து இவரையும் விட்டுப் போனது. அன்று எனக்கு உள்ளூர ஒரு சந்தோஷம் இருந்தது என்று இப்போது ஒப்புக்கொள்கிறேன். மூன்று மாதம்தான் நீடித்தது அந்தச் சந்தோஷம்.

ஆனால் எண்ணிக்கையின் கேள்விக்குப் பதில் வரவில்லை. 2003 மார்ச் ஆட்டத்துக்குப் பிறகு ரசிகர்கள் அவரைப் போக விட்டிருப்பார்கள். அந்த ஆட்டத்தோடு அவர் இறங்கியிருந்தால் ஒருவர் வாயிலிருந்தும் குறை வந்திருக்காது. அதற்குப் பிறகு ஆறு வருடம். அதில் எதை நாம் இன்று திரும்பப் பார்க்கிறோம்? 2005 ஜூலை 18, டோக்கியோ டோம், கவாடாவோடு ஆடியது. அது எனக்கு வேண்டும், விட மாட்டேன். மற்றது?

#19 பச்சைக் கால்சட்டை

ஆக, உங்கள் ஆளோடு ஆட மட்டும் 2005 வரை இருந்திருக்க வேண்டும். அதற்கு மேல் பிடிவாதம். நல்ல கணக்கு.

#20 கவாடா கட்சி

ஆமாம். நான் நடுநிலை என்று எங்கேயும் சொல்லவில்லையே.

#21 தசையும் எலும்பும்

பேச்சு முதலாளியைச் சுற்றியே போகிறது. சைட்டோவைப் பற்றி யாரும் ஒரு வரி எழுதவில்லை.

அந்த மனிதரின் இடத்தில் நின்று பாருங்கள். தன் தொழிலை, சொல்லிக்கொடுத்தபடி, ஒழுங்காகச் செய்தார். முதலாளி இறந்துவிட்டார். மறுநாள் ஹகாட்டாவில் காட்சி, அதையும் நிறுத்தவில்லை. மிசாவாவின் படத்துக்கு முன்னால் மண்டியிட்டுத் தலையைத் தரையில் வைத்து அழுதார். பிறகு ஆடினார். 2024 வரை ஆடிக்கொண்டே இருந்தார். பதினைந்து வருடம் ஒவ்வொரு அரங்கிலும் ‘அன்று பேக்டிராப் போட்டவர்’ என்ற பார்வையோடு ரிங்கில் ஏறியிருப்பார்.

நான் பிடிவாதம், தியாகம் இரண்டுக்குள்ளும் போகவில்லை. கழுத்து இந்த நிலையில் இருக்கும் ஆள் ரிங்கில் ஏறும்போது எதிரே நிற்பவன் தலையிலும் ஒரு சுமையை ஏற்றிவிடுகிறான். அவனிடம் யாரும் சம்மதம் கேட்பதில்லை. என் கிளினிக்கில் ஆட்டக்காரர்களிடம் நான் சொல்வது இதைத்தான். தன் உடம்பைப் பற்றிச் சொன்னால் கேட்க மாட்டார்கள். ‘உன்மேல் விழுகிறவன் காலம் பூரா தூங்க மாட்டான்’ என்றால் கொஞ்சம் யோசிக்கிறார்கள்.

#22 பச்சைக் கால்சட்டை

தசை சார், இதற்கு என்னிடம் பதில் இல்லை. யோசித்துவிட்டு வருகிறேன்.

#23 அட்டைக்காலத்து ஆள்

ஒரு சந்தேகம். அவருக்குப் பிறகாவது அந்த ஆட்டமுறை மாறியதா?

#24 மூன்றாம் எண்ணிக்கை

மாறவில்லை தம்பி. 2017 ஏப்ரலில் ஷிபாட்டா என்ற வீரர் எதிராளியின் நெற்றியில் தன் நெற்றியால் முட்டி, ஆட்டம் முடிந்த பிறகு மூளையில் ரத்தம் கட்டி அறுவை சிகிச்சைக்குப் போனார். அடுத்த மாதமே தகயாமா கழுத்தில் அடிபட்டுக் கீழே எல்லாம் உணர்விழந்தார். 2001-இல் நோவாவின் முதல் பெல்ட்டுக்காக மிசாவாவோடு மோதிய அதே தகயாமா. இதற்கெல்லாம் மிசாவாதான் காரணம் என்று சொல்ல மாட்டேன். அவருக்கு முன்பே, 1997-இல், பிளம் மரிகோ என்ற பெண் இதே ஹிரோஷிமாவில் ரிங்கில் அடிபட்டு இறந்தார். அதற்குப் பிறகும் ஒன்றும் மாறவில்லை. நாம் இன்னும் அதே ஆட்டங்களைத்தான் தேடித் தேடிப் பார்க்கிறோம், நீங்கள் மூன்று நாளாகப் பார்க்கிற மாதிரி.

#25 அட்டைக்காலத்து ஆள்

அது உறைத்தது அண்ணா. ஆனால் இன்று இரவு 2003 பார்ப்பதாக இருந்தேன்.

#26 கவாடா கட்சி

பாருங்கள். முதலில் 1998 மே 1 பாருங்கள், எங்கள் ஆள் ஜெயிப்பது. அப்புறம் உங்கள் இஷ்டம். சொல்ல மறந்தேன், கவாடா 2010-இல் டோக்கியோவில் ராமென் நூடுல்ஸ் கடை திறந்தார். சட்டியின் முன்னால் தானே நின்று சமைப்பார். ஒரு நாள் போய்ச் சாப்பிட வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. போனால், அந்தக் கயிற்றை அவிழ்த்தபோது முடிச்சு இறுக்கமாக இருந்ததா என்று மட்டும் கேட்பேன்.

#27 பச்சைக் கால்சட்டை

வந்துவிட்டேன். தசை சார் சொன்னதை இரண்டு நாள் வைத்துப் பார்த்தேன். சைட்டோ விஷயத்தில் மிசாவா தவறுதான் செய்தார், அதை ஒப்புக்கொள்கிறேன். ஓய்வு விஷயத்தில் ஒப்புக்கொள்ள மாட்டேன். 2009 ஜூன் 12-ஆம் தேதி நான் அந்தக் கம்பெனியில் சம்பளம் வாங்கும் ஆளாக இருந்திருந்தால், ‘நாளைக்கு நீங்கள் ஆட வேண்டாம்’ என்று அவரிடம் சொல்லியிருப்பேனா என்று என்னையே கேட்டேன். சொல்லியிருக்க மாட்டேன். எண்ணிக்கை அண்ணே, நீங்கள்?

#28 மூன்றாம் எண்ணிக்கை

நானும் சொல்லியிருக்க மாட்டேன். வாயை மூடிக்கொண்டு டிக்கெட் கிழித்துக் கொடுத்திருப்பேன்.

இருந்தாலும் முதல் பதிவில் ‘பிடிவாதம்’ என்று எழுதியதை எடுக்கவில்லை. முகப்புப் படத்தை மட்டும் பச்சையாக மாற்றிவிட்டேன்.

#29 பச்சைக் கால்சட்டை

பார்த்தேன். அது பாசிப் பச்சை அண்ணே. மரகதப் பச்சை வேறு. அனுப்பி வைக்கிறேன், மாற்றிக்கொள்ளுங்கள்.